அசல் கேட்கும் காது

திருக்கோகர்ணம் சந்திரசேகருக்கு அந்த ஞாயிற்றுக்கிழமை ஓர் அறை வேண்டியிருந்தது. மனைவி உமா தையல் மிஷின் போட்டிருக்கும் அறை. மிஷின் ஓடினால் அவருடைய எலக்ட்ரானிக் டான்ஸ் ஆல்பங்களின் அதிர்வு கெட்டுப்போகிறதாம். எல்லாமே லாஸ்லெஸ் பதிவுகள் என்பார். ஒரு துளி ஒலிகூடக் குறைக்காமல் கம்ப்யூட்டரை அடைத்துக்கொள்ளும் பூதங்கள். ஒலியைச் சுருக்கிய எம்.பி.3 என்று யாராவது சொன்னால் மூக்கைப் பொத்திக்கொள்வார். காதைத்தானே பொத்தணும் என்று உமா கேட்டதற்கு இரண்டு நாள் பேசவில்லை.

"மிஷினை ஹாலுக்கு மாத்து. எனக்குப் பாட்டுக் கேக்கத் தனி ரூம் வேணும்."

"ஹால்ல வச்சுப் பொம்பளைங்களுக்கு எப்படிங்க அளவெடுக்கிறது?"

"குடுமியான்மலையில சங்கீதத்தைக் கல்லுலயே வெட்டிவச்ச ஜில்லாக்காரன்டி நான். என் காது என்ன சும்மாவா?"

"சரி, கண்ணைக் கட்டிவிட்டு ரெண்டு தரம் போடுறேன். எது அசலு, எது எம்.பி.3ன்னு சொல்லுங்க. சரியாச் சொன்னா ரூம் உங்களுக்கு. இல்லேன்னா இந்தப் பேச்சே கூடாது."

அவர் நடத்தும் ரசிகர் குழுவிலிருந்து ஜஸ்டினும் பிரவீன்குமாரும் சாட்சிக்கு வந்து உட்கார்ந்தார்கள். தலைவரின் காதுமேல் அவர்களுக்கு அபார பக்தி. உமா லைனிங் துணியால் கண்ணைக் கட்டினாள். பாட்டு அதிர்ந்தது.

"சீ, குப்பை! போர்வைக்குள்ள பாடுற மாதிரி இருக்கு. இது எம்.பி.3."

மறுபடி போட்டாள். சந்திரசேகரின் தோள் குலுங்கியது. நிஜமாகவே அழுதார்.

"இதுதாண்டா அசல்! பீட்டுக்கும் பீட்டுக்கும் நடுவுல காத்து வருது பாருங்கடா!"

"ஃபேன் போட்டிருக்குங்க," என்றாள் உமா.

சீடர்கள் தலையாட்டினார்கள். உமா கட்டை அவிழ்த்தாள்.

"ரெண்டும் ஒரே ஃபைலுங்க. ரெண்டுமே எம்.பி.3."

சந்திரசேகருக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வதென்று தெரியவில்லை. தோற்றதைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். அழுததுதான் மானத்தை வாங்கியது.

"நீங்க ஏன் தம்பி தலையாட்டுனீங்க?" என்று உமா கேட்டாள்.

"அண்ணன் அழுதாருங்க அண்ணி," என்றான் ஜஸ்டின், பைக் சாவியைத் தேடிக்கொண்டே.

வாசல்வரை போனவர்களைச் சந்திரசேகர் மறித்தார். கூனிக் குறுகிப் போயிருந்தவருக்குத் திடீரென்று ஒரு பிடி கிடைத்தது.

"இருங்கடா! இது ஏமாத்து வேலை. அசலைப் போடவே இல்லையே! போட்டிருந்தா முதல் நொடியிலயே பிடிச்சிருப்பேன். உமா, எடு அந்த அசலை!"

"அசலுக்கு எங்கங்க போறது?" என்றாள் உமா. "பிளவுஸ் டிசைன் வீடியோ வைக்கக் கம்ப்யூட்டர்ல எடம் பத்தலைன்னு, போன தீபாவளிக்கே உங்க ஆல்பம் பூராத்தையும் எம்.பி.3 ஆக்கிட்டேனே!"