மியூசியத்துக் கரடியும் மச்சானின் கன்னமும்

மதிப்புக்குரிய மச்சான் அவர்களுக்கு, மெத்தை தைக்கிறவன் கும்பிட்டுச் சொல்லிக்கொள்வது. எனக்கு எழுத்து வாசனை கிடையாதென்று உங்களுக்குத் தெரியும். நான் சொல்லச் சொல்ல உங்கள் தங்கை எழுதுகிறாள். இங்கே எல்லோரும் சுகம். உங்கள் முழங்கால் வலி எப்படி இருக்கிறது? ஞாயிற்றுக்கிழமை சீட்டாட நீங்கள் வராமல் போனதிலிருந்து எனக்கும் முழங்கால் வலிக்கிறது.

நடந்ததைச் சொல்லிவிடுகிறேன், அப்புறம் உங்கள் இஷ்டம். மியூசியத்து அம்மா கடைக்கு வந்து, பாண்டா கரடிக்கு மூதாதை ஒன்று, இருபது லட்சம் வருஷத்துக்கு முன்னால் இருந்து அற்றுப்போனது, இப்போதைய பாண்டாவைவிடச் சின்னது, அதற்கு உருவம் செய்கிறோம், உள்ளே பஞ்சு அடைக்க வேண்டும் என்றார். "முகம் எப்படிம்மா இருக்கும்?" என்றேன். "யாரும் பார்த்ததில்லைங்க. மண்டையோடும் பல்லும்தான் கிடைச்சிருக்கு. நாளெல்லாம் மூங்கில் மென்ன தாடை, கன்னம் ரெண்டும் புடைச்சிருக்கும்" என்றார். மச்சான், தலையணை தைத்தாலும் அதில் படுக்கப்போகிற தலையை மனசில் வைக்காமல் எனக்குக் கை ஓடாது. கண்ணை மூடினேன். கல்யாணம் பேச நான் வந்த அன்று, ஜன்னலோரம் காலை நீட்டி, தட்டை வயிற்றின்மேல் வைத்துக்கொண்டு, எனக்கென்று வைத்த பலகாரத்தை நீங்கள் நிமிர்ந்து பாராமல் மென்றுகொண்டிருந்தீர்கள், பச்சைக்கோடு போட்ட சட்டை, இரண்டாவது பொத்தான் இல்லை, தட்டு காலியான பிறகு "மாப்பிள்ளை சாப்பிடலையா?" என்று கேட்டீர்கள். அது ஏன் அந்த நேரத்தில் ஞாபகம் வந்ததென்று எனக்கே தெரியாது. கை தன் பாட்டுக்கு அடைத்துவிட்டது.

திறப்பு நாளில் முதலில் வாயைத் திறந்தது நானா? உங்கள் வீட்டம்மாதானே கரடி இருக்கும் கண்ணாடிப் பெட்டிக்கு முன்னால் நின்று, "என்னங்க, உங்களை யாரு உள்ளே உட்கார வச்சது?" என்று கேட்டது? கூட்டம் உங்களையும் அதையும் மாறி மாறிப் பார்த்ததற்கும், காவலாளி வந்து "சார், அதுக்குப் பக்கத்துல நில்லுங்க, ஒரு போட்டோ" என்றதற்கும் நான் எப்படிப் பொறுப்பு? நான் சிரித்ததாகச் சொல்கிறீர்கள். அது இருமல். "இனி உன் வாசப்படி மிதிக்க மாட்டேன்" என்று நீங்கள் நடையைக் கட்டியபோது, நடையும் அதேதான் என்று ஒருவர் சொன்னது உங்கள் காதில் விழுந்திருக்காது. இப்போது விழுந்துவிட்டது, மன்னிக்கவும்.

போகட்டும். மியூசியத்தில் கெஞ்சி, கண்ணாடியைத் திறக்கச் சொல்லி, கன்னத்துப் பஞ்சை எடுத்துவிட்டேன். இப்போது அது யார் மாதிரியும் இல்லை, சத்தியம். ஆகவே கோபத்தை விட்டுவிட்டு ஞாயிறு வந்து சீட்டைக் கலைக்கும்படி கேட்டுக்கொள்கிறேன். வீட்டில் அனைவரையும் விசாரித்ததாகச் சொல்லவும். உங்கள் பல்லும் தாடையும் நீடூழி வாழ்க.

இப்படிக்கு,
உங்கள் தங்கை வீட்டுக்காரன்

பின்குறிப்பு: அண்ணே, இது நான். அவருக்குப் படிக்கத் தெரியாத தைரியத்தில் எழுதுகிறேன். கன்னத்தில் அவர் கையே வைக்கவில்லை. மியூசியத்து அம்மா "கொஞ்சம் குறைச்சிடலாமா?" என்றதற்கு, "அப்புறம் அது என் மச்சான் மாதிரி இருக்காதே" என்று சொல்லி, தொப்பையில் இன்னொரு பிடி அடைத்துவிட்டு வந்திருக்கிறார். தினமும் மத்தியானம் கடையைச் சாத்திவிட்டு அதன் முன்னால் போய் உட்கார்ந்து பேசிக்கொண்டிருக்கிறாராம், காவலாளி சொன்னார். நேற்று அதனிடமும் கோபித்துக்கொண்டு வந்துவிட்டார். இனி சண்டை போட மிச்சம் இருப்பது நான் ஒருத்திதான். ஞாயிறு வந்துவிடுங்கள்.