சாம்ராஜின் கடைசி இரண்டு புள்ளி

ஸ்கெலட்டன் லைன்,
கோலார் தங்கவயல்.
1907 டிசம்பர் 8, ஞாயிறு.

மிகுந்த மரியாதைக்குரிய ஏசுபாதம் அண்ணனுக்கு, தங்கை ஐடா வணக்கத்துடன் எழுதுவது. கர்த்தருடைய கிருபையால் இங்கே எல்லோரும் சுகம், என் இடது காதைத் தவிர. அண்ணியின் முழங்கால் வலிக்காகத் தினமும் ஜெபிக்கிறேன்.

நேற்று கோரமண்டல் மைதானத்தில் இருந்தவர்கள்: பெங்களூர் காலேஜ் பிள்ளைகள் ஒன்பது பேர், அவர்களுக்குக் கூடைப்பந்து பழக்கும் என் கொழுந்தன் சாம்ராஜ், காலேஜ் பிரின்சிபாலான வெள்ளைக்காரத் துரை, எதிரே சுரங்கத்து ஆட்கள் ஒன்பது பேர், அவர்களில் தலைவன் தங்கவேலு, மணியோடு உங்கள் மச்சானான என் வீட்டுக்காரர், ஏணியோடு பெருமாள், புள்ளி எழுத நோட்டோடு நான், என் பக்கத்தில் உங்கள் மகள் வின்னி. வேடிக்கை பார்த்தவர்கள் இருநூற்றுப் பதினான்கு, ஆடுகளைச் சேர்க்கவில்லை.

"கூடையில் பந்து போடச் சொல்லித்தருவது ஒரு வேலையா, அதுவும் நிரந்தரமில்லை, அவனுக்கு என் பெண்ணா" என்று போன கடிதத்தில் கேட்டீர்கள். அண்ணா, சாம்ராஜ் மதராஸில் மூன்று வருஷம் ஆடிப் பேர் எடுத்தவர், முட்டி உடைந்ததால்தான் வாத்தியாரானார். ஒரு ஆட்டமாவது ஜெயித்தால் வேலை நிரந்தரம் என்று துரை சொல்லியிருந்தார். நான்கு ஆட்டம் தோற்றாயிற்று. நேற்று ஐந்தாவது, அதுவே கடைசி.

காலேஜ் பிள்ளைகள் பவுரிங்பேட்டையில் ரயில் மாறும்போது ஆட்ட விசில் தொலைந்துபோனது, அதனால் உங்கள் மச்சான் மணியைக் கொண்டுவந்தார், ஷாஃப்ட் என்கிற சுரங்கக் குழி வாயில் ஆட்களின் கூண்டை ஏற்றி இறக்க மணி அடிக்கிற கை அல்லவா, அதை என் காதருகே கட்டினார், ராபர்ட்சன்பேட்டையில் வாங்கிய கூடைகளுக்கு அடிப்பாகம் இருந்தபடியால் பந்து விழும்போதெல்லாம் பெருமாள் ஏணியேறி எடுத்தான், இரண்டாம் தரம் ஏறியபோது கூடையும் பெருமாளும் சேர்ந்தே இறங்கினார்கள், தங்கவேலு சும்மா இருக்கிறானா, "இன்னா வாத்தியாரே, உன் பசங்க பந்த எடுக்கறாங்களா, முட்டைய எடுக்கறாங்களா, இவ்ளோ மெதுவா தொடறாங்க" என்கிறான், சாம்ராஜ் "நீ முதல்ல நின்னு மூச்சு வாங்கு தங்கவேலு, அப்பறம் பேசலாம்" என்கிறார், இப்படியே ஆறுக்கு ஆறு வந்துவிட்டது அண்ணா, வின்னி என் முழங்கையைக் கிள்ளியே சிவக்கவைத்துவிட்டாள்.

பந்து தங்கவேலு கையில். கூடைக்கடியில் ஆட்கள் நெருக்கியடித்து நின்றார்கள். ஷிப்டுக்கு இறங்குகிற கூட்டம் மாதிரியே இருந்ததால் உங்கள் மச்சானின் கை தன்பாட்டுக்கு மூன்று மணி அடித்துவிட்டது. மூன்று என்றால் கூண்டில் ஆள் இறங்குகிறது, உள்ளே யாரும் அசையக்கூடாது என்று அர்த்தம். சுரங்கத்து ஆட்கள் ஒன்பது பேரும் பந்தைக் கீழே போட்டுவிட்டுக் கையை உடம்போடு ஒட்டவைத்துக்கொண்டு, தலை குனிந்து, ஆடாமல் நின்றார்கள். காலேஜ் பையன் ஒருவன் பந்தை எடுத்து நிதானமாகக் கூடையில் போட்டான். எட்டுக்கு ஆறு, அத்தோடு நேரமும் ஆகி ஆட்டம் முடிந்தது. "இன்னாண்ணே, கூண்டு எங்க?" என்று தங்கவேலு சுற்றிப் பார்க்கிறான்.

துரை சாம்ராஜின் கையைக் குலுக்கி, வேலை நிரந்தரம் என்றார். ஆகவே அண்ணா, நீங்கள் கேட்டது நிறைவேறியது. வின்னியை சாம்ராஜுக்குத் தரச் சம்மதம் எழுதுங்கள். கர்த்தர் உங்கள் வீட்டின் வரவிலும் போக்கிலும் துணையிருப்பாராக.

தங்கை,
ஐடா.

பி.கு. திங்கட்கிழமை. உறையை ஒட்டப் போகையில் வின்னி வந்து உட்கார்ந்தாள். சனிக்கிழமை ஆட்டம் முடிந்ததும் ரயிலடிக்குப் பெருமாளோடு சாப்பாட்டுக் கூடை கொடுக்கப் போனாளாம். அங்கே சாம்ராஜ் துரையிடம், "அந்தக் கடைசி ரெண்டு புள்ளி எங்களுது இல்ல ஐயா, மணியோடது" என்று சொல்லிவிட்டாராம். துரை, அப்படியானால் நிரந்தரமும் இல்லை என்று வண்டி ஏறிவிட்டாராம். நான் இரண்டு மணி நேரம் எழுதும்போது ஏன்டி சொல்லவில்லை என்றேன். "நீங்க ரொம்ப சந்தோஷமா எழுதினு இருந்தீங்க அத்தை. அப்பாகிட்ட இதையும் சேத்து எழுதுங்க. வேலைய விட்டவருக்கே என்னைக் குடுக்கச் சொல்லுங்க" என்கிறாள். மணியின் அர்த்தம் தெரிந்தும் எட்டு என்று எழுதியவள் நான், அண்ணா. நோட்டில் அடித்து ஆறு என்று திருத்திவிட்டேன். மேலே சொன்ன காரணம் எதுவும் இப்போது இல்லை, நான் கேட்டது மட்டும் அப்படியே இருக்கிறது. சீக்கிரம் பதில் போடுங்கள்.