பன்னிரண்டு துண்டுப் பாண்

இரத்தினபுரி மாவட்டத்திலேயே பேக்கரிப் பாணை அடிமட்டம் வைத்து அளந்து வெட்டிய ஒரே மனிதர் எங்கள் பொமசி மாஸ்டர்தான். இலங்கையிலேயே என்றும் சொல்வேன். மறுப்பவர்கள் இன்னொரு ஆளைக் கொண்டுவந்து காட்டட்டும்.

பொமசி என்றால் பொது மடங்குகளுள் சிறியது. பின்னக் கணக்கில் அதை அவர் ஓயாமல் சொல்லிச் சொல்லி, பெற்றோர் வைத்த பெயரைத் தோட்டமே மறந்துவிட்டது. தொண்ணூறுகளின் நடுவில், குருவிட்டைக்கு மேலே ஒரு றப்பர் தோட்டத்துப் பள்ளிக்கூடத்துக்கு நான் தமிழ் படிப்பிக்கப் போனபோது, ஆசிரியர் விடுதியில் அவர் மட்டும்தான் இருந்தார். முன்னால் வந்தவர்கள் எல்லாம் மழைக்கும் அட்டைக்கும் பயந்து மாற்றல் வாங்கிக்கொண்டு ஓடியிருந்தார்கள். இவருக்குப் பயந்துதான் என்று தொழிலாளர் லயத்தில் பேச்சு.

முதல் நாள் சாயந்திரம், ஒரு றாத்தல் பாணை நாலாக வெட்டி, ஒரு காலை எடுத்து வாயில் வைத்தேன். மாஸ்டர் முகம் சுருங்கிவிட்டது.

"நீங்க காலா வெட்டிட்டா, நான் மூணுல ஒண்ணு எப்படிங்க எடுக்கிறது?"

"பிச்சு எடுங்க மாஸ்டர்."

"பிச்சா?" என்றவர், அன்று வெறும் தேத்தண்ணியோடு படுத்துவிட்டார்.

மறுநாளிலிருந்து பாண் பன்னிரண்டு துண்டானது. அவருக்கு நாலு, எனக்கு மூன்று. துண்டைக் கண்ணுக்கு முன்னால் பிடித்தால் சுவர்க் கலண்டரில் தேதி தெரியும், அவ்வளவு மெல்லிசு. கடைக்காரர் சிங்களவர். "சரி மாஸ்டர், வெட்டித் தாறேன்" என்று அவர் கத்தியை எடுத்தாலே, "எபா முதலாளி, வேணாம்" என்று இவர் பாணைக் கட்டிப்பிடித்துக்கொள்வார்.

தனியாக இருந்த காலத்திலும் பன்னிரண்டாகத்தான் வெட்டினாராம். ஒராளுக்கு எதற்கு என்று கேட்டேன்.

"ரெண்டு பேர் வந்தாலும் பிரியும், மூணு, நாலு, ஆறு பேர் வந்தாலும் பிரியும் சேர்."

"யாருங்க வந்தாங்க?"

துண்டுகளை அடுக்கிக்கொண்டே சொன்னார். "நீங்க வந்தீங்கதானே."

வகுப்பில் அவருக்குப் பரம எதிரி ஒரு பிழை. இரண்டே காலிலிருந்து ஒன்றும் மூன்றிலொன்றும் கழிக்கச் சொல்வார். பன்னிரண்டு பங்காக்கினால் காலுக்கு மூன்று, மூன்றிலொன்றுக்கு நாலு. மூன்றில் நாலு போகாது. பிள்ளைகள் சளைக்காமல் நாலில் மூன்றைக் கழித்து, ஒன்றும் பன்னிரண்டில் ஒன்றும் என்று எழுதி நீட்டுவார்கள். மாஸ்டர் எழவு வீட்டுக்காரர் மாதிரி உட்கார்ந்துவிடுவார். "தலைகீழாக் கழிக்காதீங்கடா. முழுசுல ஒண்ணை உடைங்க." றப்பர் பால் வெட்டும் பெண்கள்கூடத் தங்கள் சண்டையில், "முதல்ல முழுசை உடைடி" என்று கத்துமளவுக்கு அது தோட்டமெங்கும் பரவியிருந்தது.

பிறகு எனக்கு வரக்காப்பொலைப் பக்கம் மாற்றல் வந்தது. புறப்படுகிற காலையில் மேசைமேல் இரண்டே கால் றாத்தல் பாண் இருந்தது.

"ஒண்ணும் மூணுல ஒண்ணும் நீங்க கொண்டுபோங்க சேர்."

"நான் காலுக்கு மேல சாப்பிட மாட்டேனே மாஸ்டர்."

"தூரப் பயணம். பத்தாது."

"அப்ப உங்களுக்கு மிச்சம்?"

"ஒண்ணும் பன்னெண்டுல ஒண்ணும்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "மாஸ்டர், நீங்களே தலைகீழாக் கழிச்சிட்டீங்க. பன்னெண்டுல பதினொண்ணுதான் மிஞ்சும். முழுசை உடைக்கலையே."

"தெரியுங்க சேர்," என்றார். "இன்னைக்கு உடைக்க மனசு வரல."

பஸ்ஸில் பொட்டலத்தைப் பிரித்தேன். ஒரு துண்டுகூட அளவு பிசகவில்லை. ஒன்றையும் தின்னாமல் திரும்பக் கட்டி மடியில் வைத்துக்கொண்டேன். அந்த மனிதர்மேல் எனக்கு இவ்வளவு பிரியம் என்று அப்போதுதான் தெரிந்தது.

இங்கே எனக்கும் ஒரு அறை, ஒரு மேசை. நானும் பாணைப் பன்னிரண்டாகத்தான் வெட்டுகிறேன். வந்து பிரித்துக்கொள்ள யாரும் இல்லை. இருந்தாலும் முதலில் நாலு துண்டைத் தட்டின் ஓரத்தில் ஒதுக்கி வைத்துவிட்டுத்தான் எனக்கு மூன்று எடுக்கிறேன்.