மீறுவதற்கு ஓர் அப்பா

வயது வந்த ஆணும் பெண்ணும், பெற்றோரின் எதிர்ப்பையும் மீறி, தமக்குப் பிடித்தவரை மணந்துகொள்ளச் சட்டத்தில் உரிமை உண்டு. இதில் யாருக்கும் சந்தேகம் வேண்டாம். அந்த உரிமையைப் பேணிப் பாதுகாக்கத் திருமணப் பதிவு அலுவலகத்தில் தனிப் பிரிவே திறந்து, ரிப்பன் வெட்டி, போட்டோவும் எடுத்தாகிவிட்டது. உரிமை என்றால் இப்போது அவ்வளவு மவுசு! பெற்றோர் சம்மதத்தோடு வருகிறவர்களுக்கான பழைய பிரிவை, காலத்துக்கு ஒவ்வாதது என்று இழுத்து மூடிவிட்டார்கள். அந்த அறையில் இப்போது உடைந்த மின்விசிறிகள் குடியிருக்கின்றன.

இந்த லட்சணத்தில்தான் லிஃப்ட் பழுதுபார்க்கும் பெண் ஒருத்தி, மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருக்கும் தன் காதலனோடு அங்கே போனாள். வயது இருபத்தொன்பது. நின்றுபோன லிஃப்டுக்குள் மாட்டிக்கொண்டு அலறுகிறவர்களை வெளியே இழுத்துப் போடுவது அவள் பிழைப்பு. அலுவலகங்களைக் கண்டு பயப்படுகிறவள் இல்லை. கூடவே அவள் அப்பாவும் வந்திருந்தார். பள்ளிக்கூடத்தில் டிரில் மாஸ்டராக இருந்து ஓய்வு பெற்றவர். புதுச் சட்டை, வாயெல்லாம் பல்.

அதிகாரி மூவரையும் ஏற இறங்கப் பார்த்தார்.

“எதிர்ப்பு யாரோடது?”

“யாரோடதும் இல்ல சார்,” என்றாள் பெண். “அப்பாவுக்கு முழுச் சம்மதம். சாட்சிக்கு அவரே வந்திருக்கார்.”

“சம்மதமா?” அதிகாரிக்கு முகம் சுருங்கிவிட்டது. “அப்புறம் எதைம்மா மீறப் போற?”

“மீறணும்னு என்ன சார் கட்டாயம்?”

“பிரிவோட பேரே ‘எதிர்ப்பையும் மீறி’தானே! எதிர்ப்பு இல்லாம எப்படி மீறுவ? தண்ணி இல்லாம நீச்சல் அடிப்பியா?”

கண்ணாடிக்கடைக்காரன் பவ்யமாகக் கேட்டான்: “இப்ப நாங்க என்ன சார் பண்ணணும்?”

“அதான் அப்பா பக்கத்துலயே இருக்காரே. கொஞ்சம் எதிர்க்கச் சொல்லுங்க. மேற்படி எதிர்ப்பைக் கேட்ட கையோட பதிவு பண்ணிடுறேன்.”

காரியம் கெடக் கூடாதே என்று டிரில் மாஸ்டர் தொண்டையைச் செருமிக்கொண்டார். “வேணாம்மா,” என்றார்.

“இதெல்லாம் ஒரு எதிர்ப்பா? டீக்குச் சர்க்கரை வேணாம்னு சொல்ற மாதிரி இருக்கு. காரணம் சொல்லுங்க!”

“பையன் தங்கமானவன் சார்...”

“அது செல்லாது.”

“சும்மா ஏதாவது சொல்லுங்க மாமா. நான் தப்பா எடுத்துக்க மாட்டேன்,” என்று மாப்பிள்ளை தைரியம் கொடுத்தான். கெட்டது குடி!

“இவன்... ரொம்ப மெதுவாச் சாப்பிடுறான்.”

“ம், அப்புறம்?”

“நான் பேசும்போது போனைப் பாக்குறான்.”

வரிசையில் நின்றவர்கள் உச்சுக்கொட்டினார்கள். டிரில் மாஸ்டருக்குக் குரல் ஏறியது. மைதானத்தை விட்டு வந்த பிறகு அவர் பேச்சை இத்தனை பேர் வாயை மூடிக்கொண்டு கேட்டதே இல்லை.

“கல்யாணம் பண்ணிக்கலாமான்னு இதுங்க என்னைக் கேக்கல சார்! பண்ணிக்கப் போறோம்னு சொன்னாங்க! பெத்து வளர்த்தவன் என்ன, வாசல்ல நிக்கிற காவலாளியா?”

அவர் கண்ணில் நிஜமாகவே தண்ணீர்.

அலுவலகம் கலங்கிப்போனது. ஒருவர் நாற்காலி கொண்டுவந்து போட்டார். இன்னொருவர் ஓடிப் போய் டீ வாங்கி வந்தார். அதுவரை மூவரையும் நிற்கவைத்தே பேசிய அதிகாரி எழுந்து வந்து, “உட்காருங்கய்யா,” என்று தோளைத் தொட்டார். பேனாவை மூடிச் சட்டைப்பையில் செருகிக்கொண்டார்.

“பதிவு பண்ணுங்க சார்,” என்றாள் மகள்.

“பெத்த மனசு இப்படித் துடிக்கும்போதா? எனக்கும் ஒரு பொண்ணு இருக்கும்மா.”

அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. “எதிர்க்கச் சொன்னதே நீங்கதானே!”

“எதிர்க்கச் சொன்னேன். இவ்வளவு நியாயமா எதிர்க்கச் சொன்னேனா?”

“எனக்குப் பிடிச்சவரைக் கட்டிக்கிறது என் உரிமை. சட்டம் என் பக்கம் இருக்கு.”

“யாரு இல்லேன்னது? சட்டம் உன் பக்கம்தான். நாங்கதான் அப்பா பக்கம்.”

வரிசையில் அடுத்து நின்றவள் ஒரு சின்னப் பெண். தன்னை அறைக்குள் பூட்டிவைத்த அப்பாவிடமிருந்து ஜன்னல் வழியாகத் தப்பி வந்து காதலனோடு நிற்கிறாள். அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு, “பாவம்க்கா உங்கப்பா. அவர் மனசையும் கொஞ்சம் பாத்திருக்கலாம்,” என்றாள்.

லிஃப்ட்காரி அப்பா பக்கம் திரும்பினாள். “நடிச்சது போதும்ப்பா. சும்மாதான் சொன்னேன்னு சொல்லிடுங்க. இவர் பதிவு பண்ணட்டும்.”

அப்பா சுற்றிலும் பார்த்தார். மொத்த அலுவலகமும் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தது. டீயை ஒரு வாய் உறிஞ்சினார். நாற்காலியில் நன்றாகச் சாய்ந்து காலை நீட்டிக்கொண்டார்.

“யோசிச்சுச் சொல்றேன்,” என்றார்.