மூன்றாவது சுருள்

நைனாவுக்குப் பாதி மொட்டை ஆகியிருந்தபோது கேமராவுக்கு முன்னால் ஒரு புடவை வந்து நின்றது. அம்மா குப்பம்மாள். புருஷன் நெற்றி வியர்வையைத் துடைக்க வந்தாளாம்.

"தள்ளும்மா. முடி விழறதுல இருந்து சந்தனம் பூசற வரைக்கும் ஒரே மூச்சா எடுக்கணும்னு எத்தினி வாட்டி சொல்றது" என்று தமயந்தி பல்லைக் கடித்தாள். போயிற்று ஒரு பிலிம் சுருள்.

அம்மையார்குப்பம் தறிக்கார வீட்டின் முதல் பி.ஏ. அவள். ஊர் உலக நடப்பைத் தானே படம்பிடித்துப் பட்டணத்துக் கொட்டகையில் காட்டியே தீருவது என்று கிளம்பியவள். பொம்பளை என்னத்தை எடுப்பாள் என்று இளித்த கொட்டகைக்காரர், கடைசியில் போனால் போகிறதென்று திருத்தணி மொட்டையை நடுவில் வெட்டில்லாமல் எடுத்துவந்தால் போடுவதாகச் சொல்லியிருந்தார். யுத்தக் காலத்தில் அலையாய் அலைந்து கிடைத்தது மூன்றே சுருள்.

அடுத்து அக்கா புருஷன் கஜபதி பாவா தன் சுருட்டை முடியைத் தியாகம் செய்தார். "போட்டோ புடிக்கிறாங்க, அசையாதீங்க மாப்ள" என்று அம்மா ஓரத்திலிருந்து எடுத்துக்கொடுத்தாள். பாவா மூச்சை அடக்கினார். நாவிதர் வேடியப்பனும் கத்தியைத் தூக்கிப் பிடித்தபடி கேமராவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே நின்றார். இது ஓடுகிற படம் என்று தமயந்தி தொண்டை கிழியக் கத்திப் புரியவைப்பதற்குள் இரண்டாவது சுருளும் காலி.

குளத்தங்கரையில் வேறு தலை தேடிப் போன அம்மா வெறுங்கையோடு திரும்பினாள். "படத்துல ஏறின மொட்டை சாமி கணக்குல சேராதுன்னு யாரோ சொல்லிக்கினாங்களாம். ஒருத்தரும் வரமாட்டேன்றாங்க."

வெயில் இறங்கிக்கொண்டிருந்தது. தமயந்தி மிச்சமிருந்த ஒற்றைச் சுருளைக் கேமராவில் மாட்டினாள். பின்னலை அவிழ்த்தாள்.

"என் தலை இருக்குது. பாவா, கேமரா கைப்பிடியை ஒரே சீரா சுத்துங்க."

"வேணாம்டி. பொண்ணாச்சே நீ" என்றாள் அம்மா மெதுவாக.

"பொண்ணுன்னா தலை இல்லையா?"

உட்கார்ந்துவிட்டாள். கத்தி இறங்கியது, கூந்தல் சரிந்தது, சந்தனம் ஏறியது. இந்தமுறை அம்மா கேமரா பக்கமே வரவில்லை. கடைசி அங்குலம் வரை சுருள் தடையில்லாமல் ஓடியது. தமயந்தி துள்ளி எழுந்தாள். கொட்டகைக்காரர் முகத்தில் கரியை அப்பிவிடலாம்.

வேடியப்பன் கத்தியைக் கழுவிக்கொண்டே சொன்னார்: "பி.ஏ. பாஸானா உனக்கு மொட்டைன்னு வேண்டிக்கினாங்களாம். 'கூப்ட்டா உக்காரமாட்டா, வேணாம்னா தானா வந்து உக்காருவா, கத்தியைத் தீட்டி வையி'ன்னு உங்கம்மா காலையிலயே சொல்லிட்டுப் போனாங்கம்மா."