பாட்டுப்பட மழையும் ஒழுகின ஜாயின்ட்டும்

அன்புள்ள மச்சானுக்கு,

உன் அத்தான் எழுதுவது. உன் வீட்டில் எல்லோரும் சுகமா என்று கேட்பது முறை, கேட்டுவிட்டேன். இங்கே நாங்கள் சுகம் என்று எழுதுவதும் முறைதான். ஆனால் 'நாங்கள்' என்று எழுத இங்கே ஆளில்லை. உன் அக்கா பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்து உன் வீட்டு சோபாவில் உட்கார்ந்திருக்கிறாள். நான் இங்கே அடிப்பிடித்த சோற்றைச் சுரண்டித் தின்றுவிட்டு, ரெஞ்ச் பிடிக்கிற கையில் பேனாவைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். சுற்றி வளைக்காமல் சொல்கிறேன்: இந்தக் கடிதம் கிடைத்த மறுநாள் பொழுது சாய்வதற்குள் அவளை நீ பஸ் ஏற்றி அனுப்பிவைக்க வேண்டும்.

இத்தனைக்கும் காரணம் நீ, மறுக்காதே. என் மகள் கல்யாணத்துக்கு ஆளாளுக்குப் பாத்திரமும் மிக்ஸியும் தூக்கிக்கொண்டு வந்தபோது நீ மட்டும் விரல்கடை அளவு பென் டிரைவ் ஒன்றை நீட்டி, "அத்தான், இதுல பூராவும் பாட்டுப் படம். கல்யாணம், ஹனிமூன், புதுக்குடித்தனம் எல்லாமே ஆடிப் பாடித்தான் நடக்கும், சின்னஞ்சிறுசுங்க பாத்து ரசிக்கட்டும்" என்றாய். சின்னஞ்சிறுசுகள் அதைத் தொட்டுக்கூடப் பார்க்காமல் வேலை பார்க்கிற ஊருக்குப் போய்ச் சேர்ந்தார்கள். உன் அக்கா அதை எடுத்து டிவியில் செருகினாள். அன்றைக்குப் போனது என் நிம்மதி.

அந்தப் படங்களில் ஒருத்தனாவது உருப்படியாக வேலை பார்க்கிறானா, நீயே சொல். பெண் பாடுகிறாள், மாப்பிள்ளை பாடுகிறான், டீ கொண்டுவருகிறவன் ட்ரேயோடு சுற்றிச் சுற்றி ஆடுகிறான், டீ ஒரு சொட்டு சிந்துவதில்லை. ஆபீஸ் விட்டு வருகிற புருஷன் பூங்கொத்தோடு வாசலிலேயே பாட்டை ஆரம்பித்துவிடுகிறான். உடனே உன் அக்கா என்னைத் திரும்பிப் பார்ப்பாள். சாக்கடை அடைப்பு எடுத்துவிட்டு வருகிற பிளம்பர் வாசலில் நின்று பாடினால் அக்கம்பக்கத்தில் ஜன்னலைச் சாத்துவார்களா மாட்டார்களா? அதிலும் மழைப் பாட்டு வந்தால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். "இந்த மழைக்குப் பைப் போட்டவனுக்குத் தொழிலே தெரியலடி, பிரஷர் ஒரு பக்கமா அடிக்குது பாரு" என்று ஒரு நல்ல எண்ணத்தில் சொன்னால், "வாய மூடிக்கிட்டுப் பாருங்களேன்!" என்று பாய்கிறாள்.

இப்படியே போய்க்கொண்டிருந்திருந்தால்கூடச் சமாளித்திருப்பேன். ஒருநாள் ஹனிமூன் பாட்டு நடுவில் படத்தை நிறுத்திவிட்டு, "ஏங்க, நம்ம ஹனிமூன்ல என்ன நடந்துச்சு?" என்று கேட்டாள். நானும் வெள்ளந்தியாக, "ஏன், நல்ல லாட்ஜுதானே, நல்ல சாப்பாடுதானே" என்றேன். "அங்க நீங்க என்ன பண்ணீங்க?" என்றாள். மச்சான், அந்த ரூம் பாத்ரூமில் குழாய் சொட்டிக்கொண்டிருந்தது. சொட்டுகிற குழாயைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு மனுஷன் தூங்குவானா? வாஷரை மாற்றினேன். அதைப் பார்த்த மேனேஜர் பக்கத்து ரூமையும் ஒரு கை பாருங்க என்றார், அப்புறம் அந்த மாடி முழுவதையும் பார்க்க வைத்தார். வேலை சுத்தம் என்று எல்லோர் முன்னாலும் தோளில் தட்டிக் கொடுத்தார். அதைச் சொன்னதும் உன் அக்கா, "அவரு உங்கள தட்டிக் கொடுத்தாரு. வெளிய மழை. நான் ஜன்னல்ல உக்காந்து, யாரோ ஒருத்தன் பொண்டாட்டிக்குக் குடை பிடிச்சிக்கிட்டுப் போறதப் பாத்துக்கிட்டு இருந்தேன்" என்றாள். கத்தியிருந்தால் நானும் பதிலுக்குக் கத்தியிருப்பேன். சாதாரணமாகச் சொன்னாள். "எனக்கு நகை வேணாம், நட்டு வேணாம். ஒரே ஒரு தடவை உங்ககூட மழையில நிக்கணும், அவ்வளவுதான்" என்றாள்.

வானத்தைப் பார்த்தால் ஒரு பொட்டு மேகம் இல்லை. எங்கள் கல்யாண நாளோ நெருங்கிக்கொண்டிருந்தது. மழைதானே, தண்ணீர்தானே, அது என் தொழில்தானே என்று துணிந்து இறங்கினேன். மொட்டை மாடியில் துணிக்கொடிக் கம்பங்கள்மேல் பைப்பைக் கட்டி, வரிசையாகப் பொடித் துளை போட்டு, மோட்டாரோடு இணைத்தேன். பிரஷர் மேலே வர வேண்டுமே என்று கீழ் வீட்டுக்குப் போகிற வால்வை மட்டும் சற்றே அடைத்துவைத்தேன். சாயங்காலம் அவளைக் கண்ணை மூடச் சொல்லி மேலே கூட்டிவந்து வால்வைத் திறந்தேன். அசல் மழை, மச்சான்! பக்கவாட்டில் அடிக்கவில்லை, பொழிந்தது. உன் அக்கா அண்ணாந்து முகத்தைக் காட்டிக்கொண்டு சிரித்தாள் பார், கல்யாணமான புதிதில்கூட அப்படி ஒரு சிரிப்பை நான் பார்த்ததில்லை. கையைப் பிடித்துக்கொண்டேன். பட்டறையில் கதவைச் சாத்திக்கொண்டு பழகிய ரெண்டு வரிப் பாட்டுக்கு வாயைக்கூடத் திறந்தேன்.

அந்த நேரம் பார்த்து ஹவுஸ் ஓனர், இடுப்பில் துண்டும் தலை நிறைய சோப்பு நுரையுமாக மேலே ஏறி வந்தார். "யோவ் பிளம்பர், கீழ ஒரு சொட்டுத் தண்ணி இல்ல, கண்ணு எரியுதுய்யா!" என்று கத்திக்கொண்டே எங்கள் ரெண்டு பேருக்கும் நடுவில் வந்து நின்றார். நின்றவர் தலையைத் தடவிப் பார்த்தார், நுரை போயிருந்தது, முதுகையும் திருப்பிக் காட்டிக் குளித்து முடித்துவிட்டு இறங்கிப் போனார். அதற்கும் உன் அக்கா விழுந்து விழுந்து சிரித்தாள். ஆகவே அவர்மேல் தப்பில்லை.

அதற்கப்புறம்தான் கண்ணில் பட்டது. மூலையில் பைப் வளைகிற இடத்து எல்போ ஜாயின்ட் கசிந்து, சுவரோரமாகக் கோடு போட்டு இறங்கிக்கொண்டிருந்தது. நான் என்ன கொலையா பண்ணினேன்? "கொஞ்சம் நில்லு, இதோ வந்துட்டேன்" என்று அவள் கையை விட்டுவிட்டுப் போய், வால்வை மூடி, ஜாயின்ட்டைக் கழற்றி, டேப் சுற்றி இறுக்கினேன். நீயே தடவிப் பார், ஈரம் இருக்காது. திரும்ப வால்வைத் திறந்தேன், மழை வந்தது, கீழே நிற்க ஆளில்லை. ஓடிப் போய்ப் பார்த்தால் ஈரத் தலையோடு பெட்டி கட்டிக்கொண்டிருக்கிறாள். "மழையையே நிறுத்திட்டு ஒழுகலை அடைச்ச மனுஷன் உலகத்துலயே நீங்க ஒருத்தர்தான்" என்றாள். ஏன் மச்சான், காலமெல்லாம் ஒழுகுறத நிறுத்தியே பொழைச்சவன், கண்ணெதிர்ல ஒழுகும்போது கையக் கட்டிக்கிட்டு நின்னா எப்படி?

ஆகையால் அவளுக்குப் புத்தி சொல்லி அனுப்பு. நான் அங்கே வந்து கெஞ்ச மாட்டேன், இந்த ஜென்மத்தில் பாட மாட்டேன். பென் டிரைவை டூல் பெட்டிக்குள் போட்டுப் பூட்டிவிட்டேன், வேண்டுமானால் வந்து எடுத்துக்கொள். அவள் அடுப்படியில் முணுமுணுக்கிற பாட்டு எனக்கு எரிச்சலாக இருக்கும், இப்போது அது கேட்காதது அதைவிட எரிச்சலாக இருக்கிறது. அவள் இல்லாமல் என்னால் முடியவில்லை. இதை அவளிடம் சொல்லித் தொலைக்காதே.

உன் மனைவிக்கு என் விசாரிப்பு, பிள்ளைகளுக்கு என் ஆசி. உன்னைத் தவிர உன் வீட்டில் எல்லோரும் நீடூழி வாழட்டும்.

இப்படிக்கு,
கோபம் இன்னும் ஆறாத
உன் அத்தான்

பின்குறிப்பு: இதைத் தபாலில் போடத்தான் கிளம்பினேன். தெருமுனையில் தூறல் விழுந்தது. அடுத்த நிமிஷம் உங்கள் பக்கம் வருகிற பஸ்ஸில் இருந்தேன். இந்தப் பின்குறிப்பை உன் வீட்டு வாசலில் நின்றுதான் எழுதுகிறேன், எழுத்து கலைந்திருந்தால் மழை. மேலே எழுதியதை எல்லாம் விட்டுத்தள்ளு. அவளை அனுப்ப வேண்டாம், வாசலுக்கு வரச் சொன்னால் போதும். பஸ்ஸை விட்டு இறங்கியதும் வேண்டுமென்றேதான் ஒரே ஒரு குடை வாங்கி வந்திருக்கிறேன். ரெண்டு வரியும் பாடப்போகிறேன், பக்கத்து வீட்டுக்காரர்களுக்கு நீ பதில் சொல்லிக்கொள். உன் மாடியிலிருந்து இறங்குகிற மழைத்தண்ணிப் பைப் ஜாயின்ட்டில் ஒழுகி நேராக என் பிடரியில் விழுகிறது. டேப் என் சட்டைப் பையில்தான் இருக்கிறது. நான் தொடவில்லை. அவளிடம் முதலில் இதைச் சொல்.