காட்டுக் குழுவின் நாமக்காரர்

மனிதர்களில் நாமக்காரர் என்று ஓர் இனம் உண்டு. காடு, குளம், மேய்ச்சல் நிலம் என்று ஊருக்குப் பொதுவாக எது இருந்தாலும் அதன் ஓரத்தில் முளைத்துவிடுவார். "நாம நடணும், நாம தண்ணி ஊத்தணும், நாம காவல் இருக்கணும்" என்பார். அவர் வாயிலிருந்து 'நாம' புறப்பட்டால் யாருக்கோ நாமம் விழப்போகிறது என்று பொருள்.

எங்கள் காட்டுக் குழுவிலும் ஒருவர் இருக்கிறார். கன்று நடும் நாளில் சலவைச் சட்டையோடு வந்து, குழி ஆழம் போதாது என்று தச்சரிடமும் ஆழம் அதிகம் என்று தையல்காரம்மாவிடமும் சொல்லி, மண்வெட்டியைத் தொடாமலே வியர்த்து, முதல் ஆளாகத் தேநீர் குடித்து, "இன்னைக்கு நாம நல்லா உழைச்சோம்" என்று பெருமூச்சு விடுவார். மூங்கில் பங்கு பிரிக்கும் நாளில் அந்த 'நாம' எங்கே போகும்? "எங்க வீட்டுக்கு நீளமானதாப் பார்த்து எடுத்து வைங்க." இலக்கணம் தெரிந்த மனிதர்.

போன கோடையில் சரிவில் தீப்பிடித்தது. ஊரே பச்சைக் கிளைகளை ஒடித்துக்கொண்டு ஓடியது. இவர் பாறைமேல் ஏறிக்கொண்டார்.

"நாம இடது பக்கம் போகணும். நாம பயப்படக் கூடாது."

புகையில் கறுத்துப்போயிருந்த அவர் மனைவி கீழிருந்து ஒரு கிளையை நீட்டினார். "அந்த 'நாம'வுல நீங்களும் உண்டாங்க?"

"எல்லாரும் அடிச்சா யாரு பாக்கறது?"

அந்த நேரம் பார்த்துக் காற்று திரும்பியது. தீ பாறையை நோக்கி நகர்ந்தது. அவர் வாயால் ஊர் அதுவரை கேட்காத சொல் வந்தது.

"ஐயோ, நான்! நான் இங்க இருக்கேன்!"

"காலை உதறாதீங்கண்ணே" என்று தச்சர் கீழிருந்து காலைப் பிடித்து இழுக்க, மனிதர் மனைவியின் காலடியில் வந்து விழுந்தார். விழுந்தவர் கிளையைப் பறித்து அடிக்கத் தொடங்கினார் பாருங்கள், தீயை அடித்தார், புகையை அடித்தார், தச்சரின் செருப்பை அடித்தார், எல்லாம் அணைந்த பிறகும் கண்ணை மூடிக்கொண்டு தரையை அடித்தார்.

"போதுங்க. தரைக்கு வலிக்கும்" என்றார் மனைவி.

மாலையில் குழுக் கொட்டகையில், பாதி மீசை கருகிய முகத்தோடு, "நாம அணைச்சுட்டோம்" என்றார். யாரும் மறுக்கவில்லை. பொய் இல்லையே.

சிரிக்கிறீர்கள். இதே ரகமான உங்கள் மைத்துனருக்கு இதை உடனே அனுப்பக் கை துறுதுறுக்கிறது. அனுப்புங்கள். ஆனால் இது உங்களிடம் வந்தது யார் மூலம் என்று ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள். மைத்துனராகவே இருக்கப்போகிறார்.